துடக்குக் கழிந்த ஜாடிகள்

கௌஸ் முகம்மது பச்சை ஜாடியை இரண்டு கைகளாலும் தூக்கி, வாய்ப்பக்கத்தை மூக்கருகே கொண்டுபோனார். துபாயில், தேராவில் பழைய சாமான் கடை வைத்திருக்கும் கீழக்கரைக்காரர். இறந்துபோன நாகலிங்கத்துக்கு அமெரிக்காவிலிருந்து வந்த பார்சல்களில் பாதி அவருடைய கடை முகவரிக்குத்தான் வந்திருந்தன.

"என்ன தங்கச்சி, புளீச் வாசம் அடிக்குது?"

"கழுவினனாங்கள் அண்ணை," என்றாள் பிரபாவதி. "அந்தியேட்டி முடிஞ்சதெல்லோ. துடக்கு வீடு. எல்லாத்தையும் கழுவத்தானே வேணும்."

அவர் ஜாடியைக் கவிழ்த்து அதன் அடியைப் பார்த்தார்.

செத்தவீட்டில் புழங்கிய எதையும் கழுவாமல் விடுவது பிரபாவதி பிறந்த வீட்டில் இல்லாத வழக்கம். கணவர் நாகலிங்கத்தின் அந்தியேட்டி, அந்த முப்பத்தோராம் நாள் காரியம், முடிந்து தீட்டுக் கழிந்ததும் திரைச்சீலைகள், படுக்கை விரிப்புகள், அவருடைய மூக்குக்கண்ணாடிக் கூடு என்று எல்லாவற்றையும் கழுவினாள். கடைசியில்தான் கண்ணாடி அலுமாரி. அதிலிருந்த ஜாடிகளை அவர் உலர்ந்த தூரிகையால் மட்டுமே துடைப்பார், தண்ணீர் காட்டமாட்டார். அதை அவருடைய சோம்பல் என்றே அவள் இத்தனை வருஷமும் நினைத்திருந்தாள். கீழ் மாடியில் இருக்கும் துஷானி லீவு நாளில் உதவிக்கு வந்தாள். குளியல் தொட்டியை நிரப்பி, புளீச் ஊற்றி, ஒரு இரவு ஊறவிட்டார்கள். காலையில் பார்த்தால், மேற்பூச்சில் வலைபோல ஓடியிருந்த மயிரிழை வெடிப்புகளின் பழுப்புக் கறை முழுக்கப் போயிருந்தது.

"அங்கிள் இருந்திருந்தா எங்களை இந்த அலுமாரிக்குக் கிட்டவும் விட்டிருக்கமாட்டார், அன்ரி. இப்ப பாருங்கோ, கலியாணப் பொம்பிளை மாதிரி நிக்குதுகள்!"

அவர் போன பிறகு பிரபாவதி சிரித்தது அன்றுதான்.

நாகலிங்கம் துறைமுக அலுவலகத்தில் வேலை செய்தவர். நாடு திரும்பிய ஓர் அமெரிக்க அதிகாரி கொடுத்துவிட்டுப்போன ஒற்றை ஜாடியில் தொடங்கியது அவருடைய இந்தச் சேகரிப்பு. ஒஹாயோவிலும் வட கரோலினாவிலும் சின்னச் சின்ன ஊர்களில் எரிந்த சூளைகளில் சுட்டவை. ஒவ்வொரு ஊருக்கும் ஒரு மண், ஒரு நிறம். ஒரு ஊரில் பெண்கள் மட்டுமே பூ வரைந்தார்களாம். மலிவுச் சாமான் வந்து சூளைகள் அணைந்தன. சாப்பாட்டு மேசையில் பேச்சு அங்கேதான் போய் முடியும். "செய்தவையும் இல்லை, சூளையும் இல்லை. ஆராவது சேர்த்து வைச்சிருக்கவேணும், பிரபா." ஆஸ்பத்திரியில் கடைசியாகத் தெளிவாகப் பேசியதும் இதைத்தான். "பிரிச்சுக் குடுத்திடாதையும்."

அவருடைய விசாவில் இருந்தவள் இனி இங்கே இருக்க முடியாது. கனடாவில் இருக்கும் மகளிடம் இத்தனை ஜாடிகளை வைக்க இடம் இல்லை. ஜூமேராவில் இருக்கும் ஜூலியா என்ற அமெரிக்க ஆசிரியை, நாகலிங்கத்தைப் போலவே சேர்ப்பவர், எல்லாவற்றையும் ஒன்றாக எடுத்துக்கொள்வதாகச் சொல்லியிருந்தார். இன்று மாலை வருவார்; அதற்கு முன் ஜாடிகளைப் பார்த்துக் கட்டிவைக்கத்தான் கௌஸ் முகம்மது வந்திருந்தார்.

கௌஸ் முகம்மது ஜாடியின் தோளில் விரலை ஓட்டினார். வெள்ளையாக மாவு ஒட்டியது.

"தூசு, அண்ணை. போன கிழமை மணல்காத்து அடிச்சதெல்லோ? துடைக்கத் துடைக்க வருது."

"தூசு இல்லம்மா. ஊறப் போட்டீகளா?"

"ஒரு இரவுதான்."

"பூச்சுக்கு அடியில உள்ள மண்ணு புளீச்சுத் தண்ணி அத்தனையும் குடிச்சிருக்கு. குடிச்சது இப்ப உப்பாப் பூக்குது. பூச்சைத் தள்ளிக்கிட்டு வெளிய வருது." நகத்தால் மெல்லத் தொட்டார். பச்சைப் பூச்சில் ஒரு செதில் கழன்று அலுமாரித் தட்டில் விழுந்தது. உள்ளே வெறும் மண் தெரிந்தது.

பிரபாவதி அலுமாரியைத் திரும்பிப் பார்த்தாள். "எல்லாமோ?"

"எல்லாத்தையுமா முக்குனீக?"

"பெரிசு மூண்டுக்கும் தொட்டிக்குள்ளை இடம் காணேல்லை."

கௌஸ் முகம்மது சன்னலைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "ஈரத்துணியால துடைச்சு வச்சா இன்னைக்குத் தெரியாது. பூச்சு தானா உதிர மாசம் ஒண்ணு ரெண்டு ஆகும். அதுக்குள்ள நீங்க ஊருக்குப் போயிருவீக. அவரு சொன்னபடி எல்லாம் ஒண்ணா ஒரே வீட்டுக்குப் போயிரும்."

பிரபாவதி சமையலறைக்குப் போய் ஒரு துணியை நனைத்துக்கொண்டு வந்தாள். அலுமாரி முன்னால் நின்றாள். துணியிலிருந்து சொட்டிய நீர் அவள் காலில் விழுந்தது.

"அந்தப் பொம்பிளை இதுகளை அவரின்ரை பேர் சொல்லித்தானே வைச்சிருப்பா," என்றாள். "ஏலாது அண்ணை. நானே சொல்லுறன்."

ஜூலியா வந்ததும் தனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் சொன்னாள். தொட்டியைக்கூடக் காட்டினாள். ஜூலியா ஒவ்வொரு ஜாடியாகக் கையில் எடுத்து, பார்த்து, எடுத்த இடத்திலேயே வைத்தார். ஒருமுறை மட்டும் கண்களைத் துடைத்துக்கொண்டார். "சொரி, பிரபா." பெரிய ஜாடிகள் மூன்றையும் கௌஸ் முகம்மது துணி சுற்றிக் கீழே காருக்குக் கொண்டுபோனார். பிரபாவதி லிஃப்ட் வரை போய்விட்டுத் திரும்பினாள்.

பின்தெருப் பள்ளிவாசலில் பாங்கு சொன்னார்கள். அலுமாரியின் மேல்தட்டு காலியாக இருந்தது. கீழ்த்தட்டில் கிடந்த பச்சைச் செதிலை விரல்நுனியில் ஒற்றி எடுத்தாள். ஜாடியின் தோளில் அது கழன்ற இடத்தைத் தேடிப் பொருத்தினாள். விளிம்போடு விளிம்பு சரியாக உட்கார்ந்தது. கோடுகூடத் தெரியவில்லை. விரலை எடுத்தால் விழுந்துவிடும். கதவை யாரோ தட்டினார்கள். "அன்ரி?" என்று துஷானியின் குரல் கேட்டது. பிரபாவதி விரலை எடுக்காமல் அப்படியே நின்றாள்.