மேசைமேல் வைத்த சாவி

நூலகத்தின் சுவடி அறையில் அன்று இருந்தவர்கள் நால்வர்: பெரியவர், அவருடைய தங்கை, தங்கையின் கணவர், நூலகர். மேசைமேல் பெரியவர் வீட்டு ஓலைச்சுவடிகள் இருந்தன. நான்கு தலைமுறையாகப் பெட்டியில் பூட்டிக் காத்தவை.

"கொடுக்கிறேன். ஆனா இங்கயும் பூட்டித்தான் வைக்கணும், சாவி எங்கிட்ட இருக்கணும். கண்டவங்க கை படக் கூடாது," என்றார் பெரியவர். அதைச் சொல்லிச் சொல்லி அவருக்கே அலுத்திருந்தது.

நூலகர் ஒரு கட்டின் கயிற்றை அவிழ்த்தார். மேலோலை பளபளவென்று இருந்தது. அடுத்தது சல்லடையாகியிருந்தது. அதற்கடுத்தது பொடியாக உதிர்ந்தது.

"வருஷா வருஷம் துடைக்கிறோமே!" என்றார் பெரியவர்.

"மேலே மட்டும்தானே அண்ணே துடைச்சோம்? கட்டைப் பிரிச்சிருந்தா அப்பா கையை ஒடிச்சிருப்பாரு," என்றாள் தங்கை.

"பூட்டுப் போட்டுப் பூச்சியை நல்லாத்தான் வளர்த்திருக்கோம், மச்சான்," என்றார் அவள் கணவர்.

அவரை முறைக்கக்கூடப் பெரியவருக்குத் தெம்பில்லை. "ஏதாவது தேறுமா?" என்று நூலகரைக் கேட்டார்.

"பாதி தேறும் ஐயா. பழைய வழக்குகள், தீர்ப்புகள், வைத்தியம் எல்லாம் இருக்கு. யாராவது பிரிச்சுப் படிச்சுக்கிட்டே இருந்தாத்தான் மிச்சம் நிலைக்கும். பூட்டணும்னா வீட்டுக்கே எடுத்துட்டுப் போயிடுங்க."

பெரியவர் அந்தப் பொடியையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு இடுப்பிலிருந்த பெட்டிச் சாவியை அவிழ்த்து மேசைமேல் வைத்தார்.

"தொடுறவங்க கையைக் கழுவிட்டுத் தொடட்டும்."

நூலகம் அந்த வீட்டுச் சுவடிகளை மிரட்டிப் பிடுங்கிக்கொண்டதாக உறவினரிடையே ஒரு பேச்சு உலவுகிறது. அது பொய். பெரியவர் தாமே கொடுத்தார்.