இரண்டு இருபது பேருந்தின் பின்னால் ஓடிவருபவர்

நெகிஷி யசுஜி ஆண்டுக்கு ஒரு முறை, ஏப்ரல் நடுவில், ஓகிதானி கோட்டைமலையிலிருந்து பிற்பகல் இரண்டு இருபதுக்குக் கிளம்பும் சுற்றுலாப் பேருந்தின் பின்னால் ஓடிவருவார். பன்னிரண்டு ஆண்டுகளில் ஒரு தடவைகூட அவர் அதைப் பிடித்ததில்லை. வயது ஐம்பத்தெட்டு; அது ஏறவும் இல்லை. பழுப்பு நிறக் கம்பளிச் சட்டை போட்டிருப்பார். மிசோ என்ற சோயா விழுது தடவிச் சுட்ட அரிசிமாவு உருண்டைகள் கோத்த குச்சி கைக்கு ஒன்றாக இருக்கும், அதிலிருந்து ஆவி பறக்கும். செர்ரிப் பூக்கள் உதிர்ந்து கிடக்கும் சரிவில் வாயைத் திறந்தபடி ஓடிவருவார். வளைவில் பேருந்து திரும்பியதும் மறைந்துவிடுவார். கடைசி வரிசையில் உட்கார்ந்த எல்லோரும் அவரைப் பார்த்திருக்கிறார்கள். எங்கள் ஊர் மாயேபாஷியில் இதை யாரும் மறுப்பதில்லை.

முதல் ஆண்டு நடந்ததைச் சொல்கிறேன். நாற்பது இருக்கைப் பேருந்து, ஒருநாள் பயணம், காலையில் கிளம்பி மலையில் பூ பார்த்துவிட்டு இருட்டுவதற்குள் ஊர் திரும்புவது. மதிய உணவு முடிந்தபோது ஒரு தம்பதி மூன்று நிமிடம் தாமதமாக வந்து ஏறினார்கள். நாற்பது பேரில் முப்பத்தெட்டு பேர் தங்கள் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்கள், அவ்வளவுதான். அந்த இருவரும் கடைசி இருக்கைவரை வரிசை வரிசையாகக் குனிந்து மன்னிப்புக் கேட்டுக்கொண்டே போனார்கள். யசுஜியின் மனைவி கினுயோ அன்று உதட்டைப் பிதுக்கியவர்களில் ஒருத்தி. "நம்மளா இருந்தா மானமே போயிருக்கும்" என்று கணவரின் காதில் சொன்னாள். பிறகு கோட்டைமலையில் எல்லோரும் பூ பார்த்து, படம் எடுத்து, ஏறி உட்கார்ந்தபின், கிளம்ப நான்கு நிமிடம் இருக்கும்போது, "அந்த உருண்டை வாசனை ஆளைத் தூக்குதுங்க" என்று சொன்னவளும் அவள்தான். யசுஜி தொப்பியைத் தன் இருக்கையின் தலைசாய்ப்பில் மாட்டிவிட்டு, "ஒரே ஓட்டம், வந்துடுறேன்" என்று இறங்கிப் போனார்.

இரண்டு பதினெட்டுக்கு வழிகாட்டி மிசாவா எண்ணிக்கொண்டு வந்தார். எண்ணிய பிறகும் வரிசைக்கு வரிசை ஒரு கேள்வி கேட்பது வழிகாட்டிகளின் வழக்கம்: "பக்கத்துல இருக்கிறவங்க வந்துட்டாங்களா?" முன்னாலிருந்து பார்த்தால் யசுஜியின் தொப்பி ஒரு தலையாகத் தெரிந்தது, அதையும் சேர்த்து நாற்பது. கினுயோவிடம் கேட்டபோது, இதோ வந்துவிடுவார் என்று நினைத்து, அவள் தலையை ஆட்டிவிட்டாள். கதவு மூடியது. வண்டி நகர்ந்தது. உருண்டைக் கடைக்குப் பின்னாலிருந்து கணவர் ஓடிவருவதைக் கண்ணாடி வழியாகப் பார்த்தாள். ஓட்டுநர் பார்த்துவிடுவார் என்று நினைத்தாள். ஓட்டுநர் குரிஹாரா வளைவைப் பார்த்துக்கொண்டிருந்தார். நாற்பது பேர் நடுவில் எழுந்து கத்த அவளுக்கு நாக்கு எழவில்லை. ஐம்பது நிமிடம் கழித்து, கழிப்பறைக்காக வண்டி நின்ற இடத்தில், எல்லோரும் இறங்கிய பிறகு, வழிகாட்டியைத் தனியாகக் கூப்பிட்டுத்தான் சொன்னாள்.

போலீசும் ஊர்த் தீயணைப்புக் குழுவும் ஐந்து நாள் மலையைச் சல்லடையாகச் சலித்தார்கள். உருண்டை விற்ற அம்மா, "ரெண்டு குச்சி வாங்கினாரு, மீதிச் சில்லறையக்கூட வாங்காம ஓடினாரு" என்று மட்டும் சொன்னாள். அதற்கு மேல் ஒரு தடயம் இல்லை. எங்கள் ஊரில் இதற்கு ஒரே விளக்கம்தான் சொல்லப்பட்டது, யாரும் வேறு விளக்கம் தேடவில்லை: கணக்குப்படி அவர் பேருந்துக்குள் இருந்தார், உள்ளே இருக்கிறவர் வெளியிலிருந்து எப்படி ஏறுவது? யசுஜியின் தங்கை தொகியேவுக்கு இந்த விளக்கமெல்லாம் ஏறவில்லை. கினுயோவின் வீட்டு வாசலிலேயே நின்று கேட்டாள்: "பக்கத்துல ஆளு இருக்காருன்னு தலைய ஆட்டினீங்களே அண்ணி, வாயில என்ன கொழுக்கட்டையா வச்சிருந்தீங்க?" தேநீர் போட உள்ளே போன கினுயோ அடுப்பைப் பற்றவைக்காமலே வெகுநேரம் நின்றுகொண்டிருந்தாள்.

மறு ஆண்டு அதே பயணத்தில் இரண்டு இருக்கை பதிவு செய்து, பக்கத்து இருக்கையில் கணவரின் தொப்பியை மாட்டிக்கொண்டு போனாள். வண்டி நகர்ந்ததும் அவர் ஓடிவந்தார், இருபதடி தூரத்தில். இந்த முறை அவள் கத்தினாள். வண்டி நின்றது, இறங்கி ஓடினாள்; சரிவில் பூவைத் தவிர ஒன்றும் இல்லை. மூன்றாம் ஆண்டு பேருந்தைப் போகவிட்டு மலையிலேயே நின்று பார்த்தாள். அவர் வரவில்லை, மூன்று ரயில் மாறி வீடு வந்தாள். நான்காம் ஆண்டு டாக்சி வைத்துப் பேருந்தின் பின்னால் போனாள். பேருந்தில் இருந்தவர்கள் அவரைப் பார்த்தார்கள், டாக்சியில் இருந்த அவள் பார்க்கவில்லை. ஐந்தாம் ஆண்டு குரிஹாராவைக் கெஞ்சி, நடக்கிற வேகத்தில் ஓட்டச் சொன்னாள். அவரும் நடக்கிற வேகத்தில்தான் ஓட்டினார். யசுஜி மூச்சிரைக்க முழு வேகத்தில் ஓடிவந்தார், இடைவெளி ஒரு அடிகூடக் குறையவில்லை. அன்று கினுயோ கண்ணாடியில் இரண்டு கையாலும் அறைந்து அழுதாள். பக்கத்து வரிசைக்காரர்கள் ஜன்னல் பக்கம் திரும்பிப் பூ பார்ப்பதுபோல் இருந்தார்கள். எங்கள் ஆட்கள் இதில் கெட்டிக்காரர்கள்.

விஷயம் பரவியது. ஓகிதானி பயணத்தில் பின்வரிசை இருக்கைகள்தான் முதலில் தீர்ந்தன. மற்ற ஊர்க்காரர்கள் அவரைப் பார்த்துக் கையசைத்தார்கள், ஒருத்தி "விடாதீங்க, ஓடுங்க!" என்று கைதட்டினாள். கினுயோ அவளை அறைந்துவிடலாம் என்று எழுந்தாள், பிறகு உட்கார்ந்தாள். மிசாவா நல்ல மனுஷி. முதல் ஆண்டின் தவறு தன்னுடையதும்தான் என்று நினைப்பவர். அதனால் ஒவ்வோர் ஆண்டும் கினுயோவின் வரிசைக்கு வரும்போது அந்தக் கேள்வியைக் கேட்கமாட்டார். புண்ணைக் கிளற வேண்டாம் என்று லேசாகக் குனிந்து வணங்கிவிட்டு, தொப்பியையும் சேர்த்து நாற்பது என்று எண்ணிக்கொண்டு போய்விடுவார்.

இதற்கிடையில் ஒன்றைக் கினுயோ மட்டும் கவனித்தாள். யசுஜி பின்தங்கிக்கொண்டிருந்தார். முதலில் இருபதடி, பிறகு முப்பது, ஐம்பது, பன்னிரண்டாம் ஆண்டில் சரிவின் உச்சியில் கட்டைவிரல் உயரத்துக்குத்தான் தெரிந்தார். முகம் தெரியவில்லை. அடுத்த ஆண்டோ அதற்கடுத்த ஆண்டோ அவர் கண்ணுக்கே தெரியாமல் ஓடிக்கொண்டிருப்பார், தான் இல்லாத பிறகும் ஓடிக்கொண்டிருப்பார் என்ற நினைப்பு அவளைத் தூங்கவிடவில்லை. எழுபது வயதில் பகலெல்லாம் வீட்டுக்குள் நடந்துகொண்டே இருந்தாள். அடுத்த மார்ச்சில் தொகியே, அண்ணனின் பதிமூன்றாம் ஆண்டுக் காரியத்தைச் செய்துவிடலாம், கல்லறையில் பெயரைச் செதுக்கிவிடலாம் என்று கேட்டு வந்தாள். கினுயோ முடியாது என்றாள்.

"என்னதான் பண்ணப் போறீங்க?" என்றாள் தொகியே. "கீழ இறங்கினீங்க, ஓடினீங்க, டாக்சி வச்சீங்க. காலால செய்யக்கூடியது எல்லாம் செஞ்சு பாத்தாச்சு. அன்னிக்கு அந்தக் கேள்விக்குத் திறக்காத வாயத்தான் இன்னும் திறக்கல."

குத்திக்காட்டத்தான் சொன்னாள். கினுயோவுக்கு அது குத்தியது. குத்திய இடத்திலேயே தங்கியும்விட்டது.

பதிமூன்றாம் வசந்தத்தில், இரண்டு பதினெட்டுக்கு, மிசாவா வழக்கம்போல் குனிந்துவிட்டு நகர்ந்தார். கினுயோ தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டாள். "என்கிட்டயும் கேளுங்க" என்றாள். மிசாவாவுக்குப் புரியவில்லை. "எல்லார்கிட்டயும் கேக்கறத என்கிட்டயும் கேளுங்கம்மா." மிசாவா தயங்கி, அந்தக் கேள்வியைக் கேட்டார். கினுயோ எழுந்து நின்றாள். "வரல. என் வீட்டுக்காரர் இன்னும் வரல. அவர் வர்ற வரைக்கும் வண்டிய எடுக்கக் கூடாது."

ஒரு ஆள் வரவில்லை என்றால் வண்டி கிளம்பக் கூடாது என்பது விதி. மிசாவா தன் ஏட்டில் முப்பத்தொன்பது என்று எழுதினார். பதிமூன்று ஆண்டுகளில் முதல் முறையாக அந்த எண்ணிக்கை சரியாக இருந்தது. குரிஹாரா இயந்திரத்தை அணைத்தார். இரண்டரை ஆனது, மூன்றானது. முப்பத்தெட்டு பேரும் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்கள். கினுயோ முன்வரிசையிலிருந்து பின்வரிசைவரை ஒவ்வொருவரிடமும் குனிந்து மன்னிப்புக் கேட்டாள். மன்னிப்புக் கேட்டாளே தவிர, போகலாம் என்று சொல்லவில்லை. நான்கு மணிக்கு ஒருவர் பொதுவாகக் காற்றைப் பார்த்து, "எங்க வீட்டு நாய் பசி தாங்காது" என்றார். ஐந்து மணிக்குப் பின்னாலிருந்து ஒரு பெண், "ஒருத்தருக்காக இத்தனை பேரா?" என்று கேட்டேவிட்டாள். கினுயோ மறுபடி எழுந்தாள். "ஆமாங்க, ஒருத்தருக்காகத்தான்" என்றாள். "எனக்கு அவமானமாத்தான் இருக்கு. உயிரே போற மாதிரி இருக்கு. ஆனா வண்டிய எடுத்தா நான் சக்கரத்துக்கு முன்னாடி படுத்துக்குவேன்." மரங்களுக்கு அடியில் காகித விளக்குகளை ஏற்றத் தொடங்கினார்கள்.

ஐந்து ஐம்பதுக்கு யசுஜி ஏறினார். முகமெல்லாம் வேர்வை, தலைமுடியில் பூ. "நாலு நிமிஷம் லேட்டாயிடுச்சு, எல்லாரும் பெரிய மனசு பண்ணி மன்னிக்கணும்" என்று வரிசைக்கு வரிசை குனிந்துகொண்டே வந்தார். எல்லோரும் பதிலுக்குக் குனிந்தார்கள். தன் இருக்கைக்கு வந்தவர் ஜன்னலோரம் இருந்த கிழவியைப் பார்த்துத் தயங்கினார். இடம் மாறி உட்கார்ந்திருக்கிறாள் என்று நினைத்திருக்க வேண்டும். "உக்காரலாங்களாம்மா?" என்று கேட்டுவிட்டு, ஓரமாக உட்கார்ந்தார். கினுயோ பன்னிரண்டு ஆண்டு காத்திருந்தது இந்த முகத்துக்கு. அந்த முகம் அவளைத் தெரியாத ஆளைப் பார்ப்பதுபோல் பார்த்தது.

ஆள் வந்து ஏறினால் மறுபடி கேட்க வேண்டும் என்பதும் விதி. மிசாவா வந்தார், யசுஜியிடம் கேட்டார்: "பக்கத்துல இருக்கிறவங்க வந்துட்டாங்களா?"

யசுஜி பின்னால் திரும்பிப் பார்த்தார், எழுந்து முன்வரிசைவரை பார்த்தார். பிறகு பேருந்து முழுக்கக் கேட்கும்படி, "இல்லம்மா. என் சம்சாரத்தக் காணோம். வண்டிய எடுக்காதீங்க" என்றார்.

யோசிக்கவில்லை. யாருடைய முகத்தையும் பார்க்கவில்லை. ஓர் இமைப்பு நேரம்கூட ஆகவில்லை அவருக்கு. கினுயோ தன் முந்தைய துக்கங்களையெல்லாம் சேர்த்தாலும் இதற்கு ஈடாகாது என்று உணர்ந்தாள்.

"இத்தனை பேர் காத்திருக்காங்களே" என்றாள் மெதுவாக. "இப்படிச் சொல்ல உங்களுக்குக் கூச்சமா இல்லையா?"

"ஆளு வரலன்னா வரலன்னுதானேம்மா சொல்லணும்" என்றார் யசுஜி. "இதுல கூச்சப்பட என்ன இருக்கு?"

கினுயோ முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். அழுது முடித்து, "நான்தாங்க அது" என்றாள். யசுஜி அவள் பக்கம் திரும்பினார். நெற்றி, கண், மோவாய் என்று ஒவ்வொன்றாகப் பார்த்தார், புது ஊரில் வீட்டு இலக்கம் தேடுகிறவரைப் போல. பிறகு மிசாவாவிடம், "வந்துட்டா" என்றார். நாற்பது. குரிஹாரா வண்டியை எடுத்தார். அன்று பின்கண்ணாடி வழியாகப் பார்த்தவர்களுக்குச் சரிவும் விளக்குகளும் மட்டும் தெரிந்தன.

நெடுஞ்சாலையில் ஏறிய பிறகு யசுஜி கேட்டார். "நான் இறங்கிப் போனப்ப, ஆளு வரலன்னு நீ சொன்னியா?"

"சொன்னேன்" என்றாள் கினுயோ. பிறகு, "பன்னெண்டு வருஷம் கழிச்சு" என்றாள்.

யசுஜி மனதுக்குள் கணக்குப் போட்டுப் பார்த்துத் தலையை ஆட்டினார். "அதான் கால் இப்படி வலிக்குது" என்று சொல்லி, குனிந்து காலணிக் கயிற்றைத் தளர்த்திவிட்டுக்கொண்டு தூங்கிப்போனார். பேருந்து அன்று மாயேபாஷிக்கு மூன்றரை மணி நேரம் தாமதமாக வந்து சேர்ந்தது.