பரமலிங்கத்தார் சுட்ட கருவாடு

நல்லூரில் கொடியேறிவிட்டால் கொக்குவில் பரமலிங்கத்தார் வீட்டில் மீன்சட்டி பரணில் ஏறிவிடும். தீர்த்தம் முடியும்வரை மரக்கறிதான். விரதமென்றால் அவர்தான் என்று ஊரே சொல்லும். அவருடைய நாக்குக்குத்தான் அது தெரியாது, பாவம்.

அந்த வருஷம் குருநகரில் ஷெல் விழ, அங்கிருந்து கிறிஸ்தவப் பெண் மக்டலீன் தன் இரண்டு பெண்பிள்ளைகளோடு வந்து அவருடைய வளவுக் கொட்டிலில் தங்கியிருந்தாள். கொடியேற்றத்துக்கு முதல்நாள் கருவாட்டுப் பொட்டலமொன்றை அவரிடம் நீட்டினாள்.

"ஐயா, திருவிழா முடியுமட்டும் இதை நீங்கள் வைச்சிருங்கோ. எங்கடை கையிலை இருந்தால் பிள்ளையள் கேக்குங்கள்."

வாங்கி வைக்கோலுக்குள் ஒளித்தார். ஒரு கிழமைதான் தாக்குப்பிடித்தார். மனைவி மீனாம்பிகை கோயிலுக்குப் போன காலை, கிணற்றடி வாழைகளுக்குப் பின்னால் சிரட்டை மூட்டி, இரண்டு துண்டு சுட்டுப் பழஞ்சோற்றோடு விழுங்கினார். மனுசன் வாய் கொப்பளிக்கும் முன்னரே அவள் வந்துவிட்டாள்.

வந்தவள் மூக்கைப் பொத்திக்கொண்டு நேரே கொட்டிலுக்குப் போனாள். வேறெங்கே போவாள்?

"கொடியேறியிருக்கேக்கை எங்கடை வளவுக்கை கருவாடு சுட உனக்கு எப்பிடி மனம் வந்தது?"

"நாங்கள் சுடேல்லை அக்கா. ஐயாவைக் கேளுங்கோ, அவருக்குத் தெரியும்."

நெற்றி நிறையத் திருநீற்றோடு நின்ற பரமலிங்கத்தார் கிணற்றுக் கப்பியையே பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு சொல் சொன்னால் போதும். வாய் வரவில்லை.

"சாமி மாதிரி மனுசனை ஏன் இதுக்கை இழுக்கிறாய்? வேதக்காரருக்கு வாய்க்கட்டுப்பாடு இல்லையெண்டு எங்கடை அம்மா அப்பவே சொன்னவா. வெளிக்கிடு."

மக்டலீன் அவரை ஒருமுறை பார்த்தாள். பிறகு பாய், சட்டி, மாதா படம் எல்லாவற்றையும் கட்டி, கொட்டிலையும் கூட்டிவிட்டாள். மூட்டையை அவளுடைய சைக்கிளில் தூக்கிவைக்க மட்டும் பரமலிங்கத்தார் ஓடிப்போனார். வெட்கங்கெட்ட உதவி.

அவர்கள் ஒழுங்கையால் போய்த் தெருவுக்குத் திரும்பியபிறகே அவருக்கு வாய் வந்தது.

"சுட்டது நான்தான்."

மீனாம்பிகை அவரை இரக்கத்தோடு பார்த்தாள். "உங்கடை குணம் எனக்குத் தெரியாதே? மற்றவையின்ரை பழியையும் தலையிலை போடுவியள்."

"என்ரை கையை மணந்து பாரும்."

"அவையின்ரை மூட்டையைத் தூக்கினனீங்கள்தானே, மணக்காமல் என்ன செய்யும்? போய் முழுகுங்கோ. பூசைக்குப் போகவேணும்."

தன் சைக்கிளை எடுத்தால் சந்திக்குள் அவர்களைப் பிடித்துவிடலாம். வைக்கோலுக்குள் கிடக்கும் மிச்சக் கருவாட்டைக் காட்டினாலும் போதும். ஆனால் மனைவி நம்பாதது அவருக்கு ஆறுதலாக இருந்தது. அந்த ஆறுதலை நினைக்கத்தான் நாக்கைப் பிடுங்கிக்கொண்டு சாகலாம்போல் வெட்கம் வந்தது.

துவாயை எடுத்துக்கொண்டு கிணற்றடிக்குப் போனார். வாழைகளுக்குப் பின்னால் சிரட்டைத் தணல் இன்னும் ஆறாமல் கிடந்தது. முதல் வாளித் தண்ணீரை அதன்மேல் ஊற்றினார்.