சாட்சிக் கையெழுத்து

அன்று கடல் எப்படி இருந்தது என்று இப்போது என்னால் உறுதியாகச் சொல்ல முடியாது. தொண்ணூறாம் ஆண்டு, வைகாசி. கடலைக் கொந்தளிக்க வைக்கும் சோளகக் காற்று என்றுதான் நினைக்கிறேன்.

தெரிந்த குடும்பத்துப் பெண் மாக்கிறேற்றுக்கு அவளுடைய தாய் ஊர்காவற்றுறை வீட்டையும் காணியையும் சீதன உறுதிப் பத்திரம் எழுதிக் கொடுத்த நாள் அது. இரண்டு சாட்சிகளில் நான் ஒருவன். அனலைதீவிலிருந்து என் வள்ளம் பிந்திப் போய்ச் சேர்ந்தபோது உறுதி எழுதும் நொத்தாரிசு புறப்பட்டுவிட்டார். மறுநாள் அவருடைய லிகிதர் துறைக்குக் கொண்டுவந்த தாளில், மீன்பெட்டியின் மேல் வைத்துக் கையெழுத்திட்டேன். அல்லது அது வேறொருவரின் உறுதியாக இருக்கலாம். அந்த நாட்களில் பலருக்குச் சாட்சிக் கையெழுத்து வைத்திருக்கிறேன். காற்றுக் காலத்தில் சாட்சி பிந்துவதைத் தீவில் எவரும் பிழையாக எண்ணியதில்லை.

அடுத்த மாதம் சண்டை தொடங்கியது. உறுதி பதியப்படாமலே மாக்கிறேற்றின் பெட்டிக்குள் ஊர் ஊராக அலைந்தது. இருபத்துமூன்று வருடங்களுக்குப் பிறகு, மீளக் குடியேறி வீட்டைத் திருத்திவிட்டு, அவள் அதைப் பதியப் போனாள். பிரான்சிலிருந்து வந்த தமையன் அன்ரனிதாஸ் வழக்குப் போட்டான். தாயும் இரண்டு சாட்சிகளும் ஒரே நேரத்தில் கூடியிருந்து கையெழுத்து வைக்காததால் உறுதி செல்லாது, தாயின் காணியில் பாதி தனக்கு என்றான். கையெழுத்து நடந்த அன்று அவனும் வீட்டில் இருந்தவன். தாயும் நொத்தாரிசும் மற்றச் சாட்சியும் இறந்துவிட்டார்கள். மிஞ்சியவன் நான்.

விசாரணைக்கு முதல் நாள் மாக்கிறேற் வள்ளமேறி என்னிடம் வந்தாள்.

“எல்லாரும் ஒண்டாய் இருந்துதான் கையெழுத்து வைச்சனாங்கள் எண்டு சொன்னால் காணும், அது போதும் அண்ணை.”

“நான் அந்த நேரம் அங்க நிண்டனானோ எண்டுதான் யோசிக்கிறன்.”

“என்ர கலியாணத்தில நீங்கள் நண்டுக்கறி ரண்டு தரம் கேட்டு வாங்கினது மட்டும் ஞாபகம் இருக்குமே?” என்று சிரித்தாள். பிறகு, “எனக்குப் போக வேற இடமில்லை அண்ணை” என்றாள்.

அவளுக்குத் தேத்தண்ணீர் ஊற்றிக் கொடுத்தேன். அது ஆறிப்போகும்வரை காத்திருந்துவிட்டு அவள் கடைசி வள்ளத்தில் போனாள்.

மறுநாள் நீதிமன்றத்தில் பைபிளைத் தொட்டுச் சத்தியம் செய்தேன். அன்ரனிதாஸின் சட்டத்தரணி கேட்டார்: “நீர் கையெழுத்து வைக்கேக்க தாயாரும் மற்றச் சாட்சியும் உமக்கு முன்னால இருந்தவையோ?”

நீதிபதி இரண்டு தடவை கேட்டார்.

“ஐயா, எனக்கு நினைவில்லை.”

“காணும்” என்றார் சட்டத்தரணி.

அது உண்மைதான். ஆனால் அதைச் சொன்னது உண்மைக்காகவா, என் கை சுத்தமாக இருக்கவேண்டும் என்பதற்காகவா என்று இன்னும் தெரியவில்லை. வெளியே அன்ரனிதாஸ் என் கையைப் பிடித்து, “அண்ணை, நீங்கள் நீதியான மனிசன்” என்றான். நான் கையை இழுக்கவில்லை. மாக்கிறேற் பார்த்துக்கொண்டு நின்றாள்.

உறுதி செல்லாதென்று தீர்ப்பானது. பங்கு பிரித்தபோது கிணறும் சமைக்கும் குசினியும் அன்ரனிதாஸின் பாதிக்குள் போயின. அவன் அதை வேலணைக்காரர் ஒருவருக்கு விற்றுவிட்டுப் பிரான்சுக்குத் திரும்பினான். மாக்கிறேற் இரண்டு வருடம் தண்ணீரை விலைக்கு வாங்கிக் குடித்தாள். பிறகு மீதியையும் அவருக்கே எழுதிக் கொடுத்துவிட்டு, மகள் நிலக்சனாவோடு வவுனியாவில் வாடகை வீட்டில் இருக்கிறாள். நான் அனலைதீவில்தான் இருக்கிறேன்.