இரண்டாம் பாகத்தில் யாருக்குச் சாவு

படத்தின் முதல் பாகத்தில் ஒருவரும் சாகவில்லை. உயரமான போலீஸ்காரனும் குள்ளமான போலீஸ்காரனும் சேர்ந்து ஒரு மீன் சந்தையையும் இரண்டு பேருந்தையும் ஒரு கல்யாண விருந்தையும் நாசமாக்கினார்கள். ஒரு பூனைக்குக்கூடக் கீறல் விழவில்லை. ஹாங்காங்கே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. ஆறு வருஷம் கழித்து இரண்டாம் பாகம் எடுக்க முன்வந்த முதலாளிக்கு அது போதவில்லை. ஜனங்கள் நடுவில் கொஞ்சம் அழவும் வேண்டும் என்றார். பூஜை அன்று, முழுசாக வாட்டிய பன்றியின் முன்னால் ஊதுபத்தியைப் பிடித்துக்கொண்டே அதை எல்லார் காதிலும் போட்டார்.

"மூணாம் பாகமும் உண்டு. அடுத்த வருஷமே. உசிரோட மிச்சம் இருக்கறவங்களை வச்சு எடுப்போம்."

எல்லாரும் சிரித்தார்கள். லூக் சியூ-பாங்கும் சிரித்து வைத்தார். அன்று வீட்டுக்குப் போய் அவரால் சோறு தின்ன முடியவில்லை.

லூக்குக்கு ஐம்பத்தாறு வயது. படத்தில் அவர் ஸ்டேஷன் ஏட்டு. எந்தக் காட்சியிலும் எதையாவது மென்றுகொண்டே இருப்பார். பக்கத்து மேசைக் கான்ஸ்டபிளாக வருபவர் காம் லோய். அறுபது வயது, ஒல்லி, இருபது வருஷமாகத் தெரிந்தவர்களுக்குக்கூட ஒரு கப் தேநீர் வாங்கித் தந்தறியாத கஞ்சன். கத்தினால் ஜன்னல் அதிர்கிற இன்ஸ்பெக்டர் அம்மாவாக மேய்-வான். லாக்கப் சாவியைத் தொலைப்பதையே உத்தியோகமாக வைத்திருக்கும் யிப் நான்காவது ஆள். நாயகர்கள் இருவருக்கும் ஓய்வெடுக்கத் தனித்தனி வேன் இருந்தது. வேன் இருக்கிறவன் படத்தில் சாக மாட்டான். ஆக, சாவு இந்த நால்வரில் ஒருவருக்குத்தான். இதைக் கண்டுபிடிக்க ஜோசியம் பார்க்க வேண்டியதில்லை.

சாவென்றால் லூக்குக்கு வெறும் நடிப்பில்லை. முதல் பாகத்துக்கும் இரண்டாம் பாகத்துக்கும் நடுவே அவரை ஒருவரும் கூப்பிடவில்லை. ஆறு வருஷமும் ஷாம் ஷுய் போ பேட்டையில் மச்சானின் மூலிகைத் தேநீர்க் கடையில் நின்று கசப்புக் கஷாயம் ஊற்றிக் கொடுத்தார். மச்சானின் வாய் அந்தக் கஷாயத்தைவிடக் கசப்பு. லூக் படப்பிடிப்புக்குக் கிளம்பிய காலையில் அந்த ஆள் அவர் கடையில் போடுகிற மேலங்கியைத் துவைத்து, ஆணியில் மாட்டிவிட்டுச் சொன்னார்: "அங்கயே இருக்கட்டும். எப்படியும் வருவீங்க." ஏட்டு செத்தால் மூன்றாம் பாகம் கிடையாது. மூன்றாம் பாகம் இல்லையென்றால் அந்த ஆணிதான்.

இயக்குநரின் பெயர் தாம். யாரிடமும் முழுக்கதையைத் தருகிற ஜாதி இல்லை. அன்றன்றைக்குரிய பக்கத்தை அன்றன்றைக்கே எழுதுவார். நகல் எடுத்த சூடு ஆறுவதற்குள் கையில் திணித்து நடிக்கச் சொல்வார். அதனால் பதினெட்டு நாளாக நால்வரும் ஒவ்வொரு பக்கத்தையும் கடைசி வரியிலிருந்து மேலே படித்து வந்தார்கள். தன் பெயர் கடைசி வரியிலும் உயிரோடு இருந்தால்தான் மேலே படிப்பது.

பத்தொன்பதாம் நாள் காலை, ஒப்பனை அறைக்குப் போகிற வழியில், தயாரிப்பு நிர்வாகி ஹோ அக்கா லூக்கை மடக்கினார். சுற்றுமுற்றும் பார்த்தார். ஒரு சிவப்பு உறையை அவர் கைக்குள் அழுத்தினார்.

"நல்லா இருங்க" என்றார். அவ்வளவுதான். போய்விட்டார்.

லூக் உறையைச் சட்டைக்குள் ஒளித்தார். அந்தத் தொழிலில் இருப்பவர்கள் எல்லாருக்கும் அந்த உறை என்னவென்று தெரியும். படத்தில் சாகப்போகிறவனுக்குச் சிவப்பு உறை கொடுத்துவிட வேண்டும். பொய்ச் சாவானாலும் சாவு சாவுதானே. அந்தத் தீட்டு நிஜ ஆளின் மேல் ஒட்டக்கூடாது. உள்ளே இருக்கிற நோட்டை அன்றைக்கே, வீட்டுப் படி ஏறுவதற்கு முன்பே, செலவழித்துத் தொலைக்க வேண்டும். ஹோ அக்கா பழைய காலத்து ஆள். படப்பிடிப்பு நடக்கிற இடத்தில் 'சாவு' என்ற வார்த்தையை வாயால் சொல்லவே மாட்டார். எதற்கு என்று அவரிடம் கேட்பதும் வீண்.

லூக் நேரே இயக்குநரிடம் போனார். மூடிக்கிடந்த ஒரு பள்ளிக்கூடத்தைத்தான் போலீஸ் ஸ்டேஷனாக்கியிருந்தார்கள். பெரிய வகுப்பறையைப் பலகைச் சுவரால் தடுத்து அறை அறையாகப் பிரித்திருந்தார்கள். ஓர் அறையில் தாம் தலையைக் குனிந்து பக்கம் எழுதிக்கொண்டிருந்தார்.

"டைரக்டரே, கதைக்காகத்தான் சொல்றேன்" என்று ஆரம்பித்தார் லூக். உறையைப் பற்றி மூச்சு விடவில்லை. கெஞ்சுகிற மாதிரி ஆகிவிடும். "யாராவது ஒருத்தர் போகணும்னா, காம் லோய் போகட்டும். ஏட்டு தீனிப்பண்டாரம். அவன் போனா எவன் அழுவான்? காம் லோய்க்கு அந்த மூஞ்சி இருக்கு. பாத்தாலே பாவமா இருக்கும். தியேட்டரே அழும்."

தாம் தலை நிமிரவில்லை. "பாக்கலாம்" என்றார்.

வெளியே வந்த பிறகுதான் லூக்குக்குத் தன்மேலேயே அருவருப்பு வந்தது. இருபது வருஷமாக தன் சோற்றுப் பெட்டியிலிருந்து வாத்துத் தோலைத் திருடித் தின்கிற ஆளை, மேலங்கி மாட்டிய ஓர் ஆணிக்குப் பயந்து கொல்லச் சொல்லியிருக்கிறோமே என்று நினைத்தார். ஆனாலும் திரும்பிப் போய்ச் சொன்னதை வாபஸ் வாங்கவில்லை. அதையும் சொல்லித்தான் ஆக வேண்டும்.

மதியம் வரை லூக்குக்கு வசனமெல்லாம் குழறியது. காம் லோய் வழக்கம்போல் நக்கலடிக்கவில்லை. அதற்குப் பதிலாக, "தொண்டை கட்டியிருக்கா? தேன் கலந்து வெந்நீர் குடி" என்றார். லூக்குக்கு அது இன்னும் மோசமாக இருந்தது.

மூன்றேகால் மணித் தேநீர் வேளைக்கு முன் லூக் தெருமுனை பேக்கரிக்கு ஓடி, உறைக்குள் இருந்த நோட்டை அப்படியே கொடுத்து, இரண்டு பெட்டி முட்டை டார்ட் வாங்கிவந்தார். கைகழுவியாகிவிட்டது என்று நினைத்துக்கொண்டே கேன்டீன் மேசைக்கு வந்தவர் நின்றுவிட்டார்.

மேசையில் ஏற்கெனவே வாட்டிய வாத்து ஒன்று வெட்டி அடுக்கியிருந்தது. அதன் பின்னால் மேய்-வான், நாடியில் கை வைத்து உட்கார்ந்திருந்தார். யிப் ஒரு பை நிறைய மாம்பழப் பாயசக் கிண்ணங்களோடு உள்ளே வந்தான். கடைசியாகக் காம் லோய் வந்தார். அவர் இரண்டு கையிலும் தட்டு, தட்டுகளில் எலுமிச்சைத் தேநீர்க் கோப்பைகள், மொத்தம் பன்னிரண்டு.

காம் லோய் தேநீர் வாங்கியிருந்தார்.

ஒளிப்பதிவு ஆட்கள்கூட எட்டிப் பார்த்தார்கள். நால்வரும் மேசையைப் பார்த்தார்கள். பிறகு ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள்.

"யோவ் காம்" என்றார் லூக் மெதுவாக. "நீ எதுக்குய்யா தேநீர் வாங்கின?"

"நீ எதுக்கு டார்ட் வாங்கின?"

"சும்மா."

"நானும் சும்மாதான்."

மேய்-வான் தன் சட்டைப் பையிலிருந்து காலியான சிவப்பு உறையை எடுத்து வாத்துக்குப் பக்கத்தில் வைத்தார். யிப்பும் வைத்தான். காம் லோய் வைத்தார். லூக்குக்கு வேறு வழியில்லை.

"நாலு பேருமா?" என்றான் யிப். "ஸ்டேஷனுக்கே குண்டு வைக்கறாங்களா மேய்-வான் அக்கா? எனக்கு போன மாசம்தானே கல்யாணம் ஆச்சு."

"உன் கல்யாணத்துக்கும் குண்டுக்கும் என்னடா சம்பந்தம்" என்ற மேய்-வான், படத்தில் கத்துகிற அதே குரலில் ஹோ அக்காவைக் கூப்பிட்டார். ஜன்னல் நிஜமாகவே அதிர்ந்தது.

ஹோ அக்காவும் பின்னாலேயே இயக்குநரும் ஓடி வந்தார்கள். நான்கு உறைகளைக் கண்டதும் தாம் தலையில் கை வைத்துக்கொண்டார்.

"போட்டோவுக்குக் கொடுத்தது அது" என்றார் ஹோ அக்கா. "உங்க போட்டோ முன்னாடி ஊதுபத்தி கொளுத்தப்போறோம். உசிரோட இருக்கற ஆள் படத்துக்கு அப்படிப் பண்ணா உறை கொடுக்க வேண்டாமா? இதெல்லாம் நான் சொல்லித்தான் தெரியணுமா?"

"வில்லன் உங்க நாலு பேர் போட்டோவையும் வச்சு, செத்துத் தொலைங்கன்னு வேண்டிக்கறான்" என்று தாம் விளக்கினார். "நீங்க நாலு பேரும் அவனுக்குத் தெரியாம அவன் பின்னாடியே நிக்கறீங்க. இவ்வளவுதான்யா காட்சி."

"அப்ப சாகறது யாரு?" என்றார் லூக்.

"யாருமில்ல. பத்து நாளா யோசிச்சேன். யாரைக் கொன்னாலும் நீங்க நாலு பேரும் சேர்ந்து வர்ற கேன்டீன் காட்சி செத்துடுது. முதலாளிகிட்ட சொல்லிட்டேன், அவரும் சரின்னுட்டார்."

லூக் அப்படியே ஸ்டூலில் உட்கார்ந்தார். உடம்பெல்லாம் லேசாகிவிட்டது. மச்சானின் ஆணி, மேலங்கி, கஷாய வாடை எல்லாம் ஒரே நொடியில் எங்கோ போயின. யிப் அழுதுகொண்டே பாயசம் தின்ன ஆரம்பித்தான்.

"காலையிலேர்ந்து என் உசிரை எடுத்தீங்க" என்று தாம் ஒரு வாத்துத் துண்டை எடுத்துக்கொண்டார். "ஒவ்வொருத்தரா வந்து அவரைக் கொல்லு, இவனைக் கொல்லுன்னு சிபாரிசு. அதைக் கேட்டிருந்தா மத்தியானத்துக்குள்ள ஸ்டேஷனே காலி."

மேய்-வான் கூரையைப் பார்த்தார். யிப் கிண்ணத்துக்குள் பார்த்தான். லூக்கால் பொறுக்க முடியவில்லை.

"காம், நான் உன் பேரைச் சொன்னேன்யா."

"தெரியும்."

"எப்படித் தெரியும்?"

"சுவரா அது? பலகை. அந்தப் பக்கம் உக்காந்து மீசை ஒட்டிக்கிட்டிருந்தேன்." காம் லோய் ஒரு டார்ட்டை எடுத்து ஊதினார். "தியேட்டரே அழும்னு சொன்ன பாரு, அது நல்லா இருந்தது. இருபது வருஷத்துல என் நடிப்பைப் பத்தி நீ சொன்ன முதல் நல்ல வார்த்தை."

லூக் தலை குனிந்தபடியே கேட்டார். "நீயும் போய் என் பேரைச் சொன்னியா?"

காம் லோயின் வாய் நிறைய டார்ட் இருந்தது.

"அவர் கேட்டது வேற" என்றார் தாம். "நீங்க போன கையோட வந்தார். லூக் சொல்றது சரிதான், நானே போறேன்னார். ஒண்ணே ஒண்ணுதான் கேட்டார். கடைசியில தலையை லூக் மடியில வைக்கணுமாம். அந்தப் பயலுக்குக் கிளிசரின் வேண்டாம், தானா அழுவான்னார்."

"சிக்கனத்துக்காகச் சொன்னேன்" என்றார் காம் லோய் அவசரமாக. "கிளிசரின் விக்கற விலைக்கு."

நாலரைக்கு அந்தக் காட்சியை எடுத்தார்கள். சின்னப் பீடத்தில் நான்கு புகைப்படங்கள், மூன்று ஆரஞ்சு, ஊதுபத்தி. வில்லன் மண்டியிட்டு உருக்கமாகச் சபித்தான். பின்னால் நால்வரும் கைகட்டி நின்றார்கள். யிப் சிரிப்பை அடக்கினான். மேய்-வான் முறைத்தார். லூக் கையில் கோழிக்காலோடு, தன் படத்துக்குப் பக்கத்தில் இருந்த காம் லோயின் படத்தைப் பார்த்தார். புகை அதன்மேல் ஏறிக்கொண்டிருந்தது. அவர் குனிந்து, அன்றைய பக்கத்தில் தாம் எழுதாத ஒன்றைச் செய்தார். காம் லோயின் படத்துக்கு முன்னிருந்த பத்தியை ஊதி அணைத்தார்.

"கட்" என்றார் தாம். "அணைச்சது பிரமாதம், வச்சுக்கலாம். ஆனா லூக், நீங்க ஏன் அழறீங்க? இது சிரிப்புக் காட்சி. முகத்தைத் துடைங்க, இன்னொரு தடவை எடுக்கலாம்."

"நான்தான் காலையிலேயே சொன்னேனே" என்றார் காம் லோய்.