மூன்று சுவர் வீட்டில் மாவு டப்பா

தாயம்மாள் குடியிருந்த வீட்டுக்கு மூன்று சுவர்கள்தான். நான்காவது பக்கம் பெஞ்சு போட்டு ஜனங்கள் உட்கார்ந்திருந்தார்கள். வாடகை குறைவு என்பதால் அவளும் புருஷன் பொன்னுரங்கமும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

அந்த வீட்டில் வாயைத் திறந்தால் சத்தம் வராது. அடுப்புக்குப் பக்கத்தில் ஞானாதிக்கம் என்பவர் நீளக் குச்சியோடு நிற்பார். வாயசைக்கிறவர் பக்கம் குச்சியை நீட்டி, அவர் பேசியது இன்னதென்று கூட்டத்துக்கு உரக்கச் சொல்வார். அதைக் கேட்டுத்தான் புருஷன் பேச்சு பெண்டாட்டிக்கும் பெண்டாட்டி பேச்சு புருஷனுக்கும் தெரியவரும். கல்யாணமான நாளிலிருந்து அப்படித்தான்.

தினமும் காலையில் பொன்னுரங்கம் ஏணியில் ஏறிப் பரணிலிருந்து மாவு டப்பாவை எடுக்கப் போவார். ஏணி பாதியில் இன்னும் கொஞ்சம் நீளும். விழுவார். டப்பா தலையில் கவிழும். ஜனங்கள் வயிறு குலுங்கச் சிரிப்பார்கள். அவர் மாவைத் தட்டிவிட்டு வேலைக்குப் போவார்.

கொஞ்ச நாளாக அவர் எழுந்திருக்கும் விதம் சரியில்லை. நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சுவரோரமாக நின்றுவிடுகிறார். இன்னொரு தரம் விழுந்தால் ஆள் தேறமாட்டார் என்று தாயம்மாளுக்குப் பட்டது.

அன்றைக்கு அவர் ஏணியில் கால் வைத்ததும் ஓடிப்போய்க் கையைப் பிடித்தாள். ஏற வேண்டாம், கஞ்சி காய்ச்சிக் குடித்துக்கொள்ளலாம் என்று கெஞ்சினாள். குச்சி அவள் பக்கம் திரும்பியது.

"சீக்கிரம் ஏறுங்க, அடுப்பு காயுது," என்றார் ஞானாதிக்கம்.

பொன்னுரங்கம் சரியென்று ஏறப்போனார். பெண்டாட்டி சொல்லைத் தட்டாத மனுஷன், என்னத்தைச் செய்ய. தாயம்மாள் ஞானாதிக்கத்திடமே போய்க் கைகூப்பினாள். தான் சொன்னதை அப்படியே சொல்லும்படி மன்றாடினாள்.

அவர் கூட்டத்தைப் பார்த்து, "எனக்கும் ரெண்டு தோசை தர்றாங்களாம்," என்றார். பெஞ்சுகள் ஆடின.

அவள் புருஷனை ஒதுக்கிவிட்டு, சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு தானே ஏறினாள். ஏணி வழக்கம்போலப் பாதியில் இன்னும் கொஞ்சம் நீண்டது. விழுந்தாள். இடுப்பில் ஏதோ முறிந்தது. டப்பா தலையில் கவிழ்ந்தது. அந்த வீட்டில் அதுவரை அப்படியொரு சிரிப்பு எழுந்ததில்லை.

பொன்னுரங்கம் பதறி ஓடிவந்து அவள் தலையை மடியில் வைத்துக்கொண்டார். அவர் கண்ணிலிருந்து விழுந்த நீர் மாவில் குழைந்தது.

"ஐயாவுக்குச் சிரிப்பை அடக்க முடியல," என்றார் ஞானாதிக்கம்.

தாயம்மாள் அவர் பக்கம் திரும்பவில்லை. கல்யாணமாகி முதன்முறையாகப் புருஷனின் உதட்டைப் பார்த்தாள். வலிக்குதா, வலிக்குதா என்று அது கேட்டுக்கொண்டே இருந்தது.

ஆமா என்று வாயசைத்தாள். குச்சி திரும்புவதற்குள் அவருக்குப் புரிந்துவிட்டது.