நானாவின் நம்பர்

சிலாவத்துறையில் ஒரு பெண்பிள்ளை எந்தப் படிவத்தை நிரப்பினாலும், தொலைபேசி இலக்கம் என்ற இடத்துக்கு வந்ததும் வாப்பாவின் நம்பரையோ நானாவின் நம்பரையோதான் எழுதும். யாரும் கட்டாயப்படுத்துவதில்லை. பெண்பிள்ளையின் நம்பர் கந்தோர் மேசைகளில் கிடக்கக்கூடாது என்பது ஊருக்கே தெரிந்த சங்கதி. ஷப்னாவிடம் சொந்தமாக ஃபோன் இருந்தது, நாள் முழுக்க வாட்ஸ்அப்பும் ஓடியது. ஆனாலும் மோட்டார் சைக்கிள் லைசனுக்கு விண்ணப்பித்தபோது தனக்கு மூத்துப் பிறந்த நானா அஸ்மியின் நம்பரைத்தான் எழுதினாள். தன் கையாலேயே எழுதினாள். பிற்பாடு அவளுக்கு வயிறு எரிந்ததும் அதை நினைத்துத்தான்.

பதினெட்டு வயது முடிந்த கிழமையே அவள் லைசன் வேலையைத் தொடங்கிவிட்டாள். அவசரத்துக்குக் காரணம் இருந்தது. கடற்கரைப் பெண்களுக்கான ஓர் அமைப்பில் களப்பணியாளர் வேலை. சிலாவத்துறையிலிருந்து முள்ளிக்குளம் வரை ஊர் ஊராகப் போய், நண்டும் கருவாடும் விற்கிற பெண்களைச் சந்திக்கவேண்டும். அவள் படித்து முடித்தபிறகு அவளைத் தேடி வந்த முதல் நல்ல காரியம் அது. பொறுப்பாளர் அலெக்ஸாண்டர் சேர் நேர்முகத்திலேயே சொல்லிவிட்டார்.

"வேலை உமக்குத்தான் தங்கச்சி. ஸ்கூட்டியும் நாங்கள் தருவம். லைசனை மட்டும் செப்டெம்பர் முடியமுதல் கொண்டுவந்து காட்டவேணும்."

லைசன் என்ன கடையில் வாங்குகிற சாமானா? முதலில் மன்னாருக்குப் போய் மெடிக்கல் எடுக்கவேண்டும். பிறகு எழுத்துப் பரீட்சை. அதில் தேறினால்தான் பழகுவதற்கான அனுமதிப்பத்திரமும் வண்டியில் கட்ட சிவப்பு எழுத்து எல் போர்ட்டும். மூன்று மாதம் பழகினபிறகு ட்ரயல், அதாவது அதிகாரிக்கு முன்னால் ஓடிக் காட்டுவது. அதிலும் வென்றால்தான் லைசன்.

இத்தனைக்கும் கூட நின்றவன் அஸ்மிதான். மூன்று வருசத்துக்கு முன்னர் அவன் லைசன் கிடைத்த செய்தி கொண்டுவந்த அன்று உம்மா ஏழு வீட்டுக்கு வட்டிலப்பம் அனுப்பியிருந்தார். அப்படிப்பட்ட நானா வாத்தியாராக வாய்த்ததில் ஷப்னாவுக்குத் தலைகால் புரியவில்லை. மெடிக்கலுக்கும் பரீட்சைக்கும் அவளை பஸ்ஸில் கூட்டிக்கொண்டு போனான். இரவில் வீதிச் சின்னங்களின் புத்தகத்தை வைத்துக்கொண்டு கேள்வி கேட்டான். அவள் விடை சொன்னதும், சரி பிழை சொல்லமுன் கடைசிப் பக்கத்தைப் புரட்டிப் பார்ப்பான். கவனமான ஆள் என்று அவள் நினைத்துக்கொண்டாள்.

நாற்பது கேள்வியில் முப்பத்தெட்டு சரி. அன்றைக்கு இறங்குதுறையில் அவன் அதைச் சொல்லாத ஆள் இல்லை. அசர் தொழுகை முடிந்த பின்னேரங்களில், விளையாட்டு மைதானத்துக்குப் பின்னாலிருந்த வெளியில் மீன் பெட்டிகளை வைத்து, தன் மோட்டார் சைக்கிளில் எட்டுப் போடப் பழக்கினான். கூடவே ஓடி வந்து கத்துவான்.

"காலை ஊண்டாத ஷப்னா! ஊண்டினா பெயில்!"

கடைசியில் அவள் காலை ஊன்றாமல் பதினொரு தரம் எட்டுப் போட்டாள். ட்ரயல் ஓகஸ்ட் கடைசியில் என்று இருந்தது; அன்றைக்கு வண்டியை மன்னாருக்கு நானாதான் ஓட்டி வருவதாக ஏற்பாடு. மன்னார் லைசன் கந்தோர் அதைப் பிற்போட்டு, புதுத் திகதி ஃபோனுக்கு வரும் என்றது. அன்றிலிருந்து ஒவ்வொரு நாளும் சாப்பாட்டு நேரம் ஒரே கேள்விதான்.

"மெசேஜ் வந்ததா நானா?"

"இல்ல. கந்தோர் வேலை அப்படித்தான். வரும்."

செப்டெம்பர் முப்பதாம் திகதி காலையில் அபிசாவிடமிருந்து ஒரு படம் வந்தது. அபிசா முருங்கன் பக்கத்துப் பிள்ளை, எழுத்துப் பரீட்சையில் பக்கத்துக் கதிரை. படத்தில் அவளுடைய தற்காலிக லைசன். கீழே எழுதியிருந்தாள்: 'உனக்கும் எனக்கும் ஒரே நாள்தானே ட்ரயல்? உன்ர பேரைக் கூப்பிட்டவை. ஏன் வரேல்ல?'

ஷப்னா தேத்தண்ணியும் குடிக்காமல் மன்னார் பஸ்ஸில் ஏறினாள்.

கந்தோரில் கீர்த்திகா என்ற உத்தியோகத்தர் கணினியைப் பார்த்தார். "பத்தொன்பதாம் திகதி மூண்டு தரம் பேர் கூப்பிட்டது தங்கச்சி. மெசேஜும் ரெண்டு தரம் போயிருக்கு." சந்தேகம் தீரட்டும் என்று அதை வாசித்தும் காட்டினார். திகதி, நேரம், கொண்டுவரவேண்டிய பத்திரங்கள். கடைசி வரி: வண்டியை ஓட்டி வருபவர் தனது சாரதி அனுமதிப்பத்திரத்தையும் காட்டவேண்டும்.

"இந்த நம்பரில இன்னொரு ஆளும் கிடக்கிறார். அஸ்மி. எழுத்துப் பரீட்சை மூண்டு தரம் பெயில், அதுக்குப் பிறகு வரவேயில்ல. தெரிஞ்சவரோ?"

ஷப்னா திரையில் இருந்த பேரை எட்டிப் பார்த்தாள். "எங்கட நானா" என்றாள்.

அடுத்த ட்ரயல் நவம்பரில்தான் கிடைத்தது. "நம்பரை மாத்துறீங்களோ?" என்று கீர்த்திகா கேட்டார். ஷப்னா தன் நம்பரைப் பத்து இலக்கமும் நிறுத்தி நிறுத்திச் சொன்னாள். வெளியே வந்து அலெக்ஸாண்டர் சேருக்கு ஃபோன் எடுத்தாள். அவர் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, "நாளைக்கு முதலாம் திகதி தங்கச்சி. நேர்முகத்துக்கு வந்த மற்றப் பிள்ளைக்குக் கடிதம் குடுத்தாச்சு" என்றார். அவர் குரலில் கோபம்கூட இல்லை.

திரும்பி வந்த பஸ்ஸில் அவள் அழவில்லை. அழுகையைவிடக் கோபம் பெரிதாக இருந்தது. லைசன் இல்லாமல் ஓடுவது ஊரில் புதினமா என்ன? பாதி ஊர் அப்படித்தான் ஓடுகிறது. எனக்கும் லைசன் இல்லை, வண்டியைக் கொண்டுவரமாட்டேன் என்று நானா ஒரு வார்த்தை சொல்லியிருந்தால், அபிசாவின் வண்டியில் ஓடிக் காட்டிவிட்டு வந்திருப்பாள். அவன் மானம் வீட்டுக்குள்ளேயே கிடந்திருக்கும், அவள் வேலையும் அவளுக்கே கிடைத்திருக்கும். ட்ரயல் முடிந்த பிறகும் பதினொரு நாளாக அவளுக்கு எதிரே இருந்து சோறு சாப்பிட்டுக்கொண்டு, அவள் முகத்தைப் பார்த்து "வரும்" என்றானே. அதைத்தான் அவளால் தாங்க முடியவில்லை.

அஸ்மி முற்றத்தில் வண்டியைத் துடைத்துக்கொண்டிருந்தான்.

"மெசேஜ் வந்ததா நானா?"

"இல்ல" என்றான், நிமிராமலே.

"பத்தொன்பதாம் திகதி. வண்டி கொண்டு வாற ஆள்ட லைசனும் வேணுமாம். கடைசி வரி வரைக்கும் கேட்டுப்போட்டுத்தான் வாறன்."

துணி அவன் கையிலேயே நின்றது. மன்னிப்புக் கேட்பான் என்று அவள் காத்திருந்தாள். அப்போதும் ஒரு ஓரத்தில் அவனை நம்பிக்கொண்டுதான் இருந்தாள், பைத்தியக்காரி.

"வாப்பாட்ட சொல்லிப்போடாத" என்றான் அஸ்மி. "உனக்கு வேற டேட் வரும்தானே."

"டேட் வரும். வேலை வராது."

அவள் உள்ளே போய், ஆணியில் தொங்கிய எல் போர்ட்டை எடுத்து வந்தாள். வண்டியின் முன்னால் வைத்து நூலை இறுக்கி இரண்டு முடிச்சுப் போட்டாள். அஸ்மி தடுக்கவில்லை, ஏனென்றால் தொழுதுவிட்டுப் பள்ளியால் வந்த வாப்பா ஹுசைன் படலைக்குள் நுழைந்துவிட்டார்.

"என்ன மகள், இந்த நேரத்தில பழகப் போறியா?"

"நான் பழகி முடிஞ்சுது வாப்பா. இது நானாக்கு."

வாப்பா சிரித்தார். "அவனுக்கு ஏன்? அவன்ட லைசன் இருக்குதானே."

"எங்க, காட்டச் சொல்லுங்கோ."

அஸ்மியின் கை பழக்கத்தில் சேட்டுப் பைக்குப் போனது. போன கை திரும்பி வரவில்லை. வாப்பாவின் சிரிப்பு மெல்ல மெல்ல வற்றியது. ஆனாலும் அவர் மகனை நம்பி, லைசனை வாங்கிப் பார்க்கக் கையை நீட்டிக்கொண்டே நின்றார்.